பாட்டியின் பெயரைத் தேடி

நாட்டியக்காரர்களைப் பற்றிப் படிக்க ஆசையாக இருக்கிறது, எந்தப் புத்தகத்தில் தொடங்கலாம் என்று கேட்கிறவர்களில் பலர் மகளை டான்ஸ் கிளாசில் சேர்த்திருக்கும் அம்மாக்கள். அவர்களிடம் நான் உடனே புத்தகத்தின் பெயரைச் சொல்வதில்லை. உட்காருங்கள், டீ வரட்டும், அதற்குள் சில முதலெழுத்துகளைப் பார்த்துவிடலாம் என்பேன்.

எம்.எஸ். சுப்புலட்சுமி. 'எம்' என்றால் மதுரை. 'எஸ்' என்றால் சண்முகவடிவு, வீணை வாசித்த அவருடைய அம்மா. எம்.எல். வசந்தகுமாரியின் 'எம்' மதராஸ். 'எல்' லலிதாங்கி, பாடகியான அவருடைய அம்மா. டி. பாலசரஸ்வதியின் 'டி' தஞ்சாவூர், அவருடைய பாட்டிமார்கள் அரண்மனையில் ஆடியும் பாடியும் வாழ்ந்த ஊர். அப்பா பெயரின் முதலெழுத்து இல்லாமல் பள்ளிக்கூட விண்ணப்பம்கூட நகராத நாட்டில், இந்த மூவரும் அம்மாவின் பெயரையோ அம்மா வழி ஊரையோ முன்னால் வைத்துக்கொண்டு உலகம் சுற்றி வந்தார்கள். தினமும் ரேடியோவில் கேட்ட பெயர்கள்தான். ஆனால் அந்த எழுத்துக்குள் ஒரு முழுக் குடும்ப முறையே இருப்பதை நாம் கவனிக்கவில்லை. அது புரியாமல் நாட்டியக் குடும்பங்களைப் பற்றிய எந்தப் புத்தகத்தைத் திறந்தாலும் பாதிக் கதைதான் கையில் கிடைக்கும்.

அந்த வீடு எப்படி நடந்தது என்று முதலில் சொல்கிறேன். தஞ்சைப் பக்கத்தில் நாகஸ்வரமும் தவிலும் பெரிய மேளம். நாட்டியக் குழு சின்ன மேளம். சின்ன மேளத்து வீட்டில் ஒரு பெண்ணுக்குப் பொட்டுக் கட்டினால் அவள் தெய்வத்துக்கு மனைவி. தெய்வம் சாவதில்லை என்பதால் அவளுக்கு விதவைக் கோலமும் இல்லை. நித்திய சுமங்கலி என்று அவளை அழைத்தது அதனால்தான். கோயிலில் அவளுக்கு வேலையும் மரியாதையும் உண்டு, மானிய நிலமும் உண்டு. அவளுடைய வாழ்க்கையில் ஒரு ஆண் வருவார்: ஜமீன்தாரோ, மிராசுதாரோ, வக்கீலோ. அவருக்கு வேறொரு தெருவில் மனைவியும் குடும்பமும் இருக்கும். இங்கே பிறக்கும் பிள்ளைகள் அம்மா வீட்டுப் பிள்ளைகள். சொத்தும் வித்தையும் பாட்டியிடமிருந்து அம்மாவுக்கு, அம்மாவிடமிருந்து மகளுக்கு என்று இறங்கும்.

அதே வீட்டில் ஆண்பிள்ளைகளும் இருந்தார்கள். அவர்களில் திறமையுள்ளவர்கள் ஆட்டம் சொல்லிக்கொடுக்கும் நட்டுவனார்கள் ஆனார்கள், மிருதங்கமும் புல்லாங்குழலும் கற்றார்கள். அவர்களுக்கு வெளியிலிருந்து பெண் எடுத்தார்கள். அப்படி மருமகளாக வந்தவள் ஆடக் கூடாது, சபையில் பாடக் கூடாது. சமையலும் வீட்டு வேலையும் அவளுடையவை. ஒரே கூரையின் கீழ், மகளாகப் பிறந்தவளுக்குக் கலை, மருமகளாக வந்தவளுக்கு அடுப்படி. வீட்டின் தலைமை மூத்த பெண்ணின் கையில். இந்தக் கணக்கைச் சமூகவியலாளர் அம்ரித் ஸ்ரீநிவாசன் 1980களில் எழுதிய கட்டுரைகளில் நுணுக்கமாக விளக்கியிருக்கிறார்.

இந்த ஏற்பாட்டை இனிப்புத் தடவிச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பொட்டுக் கட்டும்போது அந்தப் பெண் சிறுமி. வேண்டுமா வேண்டாமா என்று அவளை யாரும் கேட்கவில்லை. பணக்காரர் யாரோ ஒருவருடைய தயவில் வீடு நடந்தது. தயவு நின்றால் வீடும் தள்ளாடியது. ஆனால் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும்: அன்றைக்கு இது ரகசியமில்லை. எந்த வீட்டுக்கு யார் வந்து போகிறார் என்பது தெருவுக்கே தெரியும், கோயிலுக்கும் தெரியும். ஒளிக்க வேண்டும் என்ற எண்ணமே இல்லை. ரகசியம் இந்த வீடுகளில் பிறக்கவில்லை, வெளியிலிருந்து வந்து குடியேறியது. எப்போது வந்தது, எப்படி வந்தது என்று தெரிந்துகொண்டால்தான் புத்தகங்களில் உள்ள மௌனங்கள் புரியும்.

1890களில் சென்னையில் நாட்டிய எதிர்ப்பு இயக்கம் தொடங்கியது. கண்ணியமான வீட்டு விசேஷங்களில் சதிர் என்று அன்று அழைத்த இந்த ஆட்டத்தை வைக்கக் கூடாது என்று படித்தவர்கள் கையெழுத்து வாங்கினார்கள். 1927இல் சட்டமன்றத்துக்குள் வந்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பொட்டுக்கட்டுவதை நிறுத்த மசோதா கொண்டுவந்து போராடினார். 1929இல் வந்த சட்டத் திருத்தம் மானிய நிலங்களைக் கோயில் ஊழியத்திலிருந்து பிரித்தது. 1947இல் பொட்டுக்கட்டு முழுவதுமாகத் தடைசெய்யப்பட்டது. முத்துலட்சுமி ரெட்டியின் தாய் சந்திரம்மாள் புதுக்கோட்டையில், இந்த வீடுகளின் சமூகமான இசை வேளாளர் குடும்பத்தில் பிறந்தவர். ஆக, அந்த மசோதா அந்த வீடுகளை உள்ளிருந்து அறிந்த ஒருவருடைய கையிலிருந்து வந்தது. எதிர்த்து மனுக் கொடுத்தவர்களும் அந்த வீடுகளின் பெண்களே. பெங்களூர் நாகரத்தினம்மாள் அவர்களில் ஒருவர். இரண்டு பக்கத்திலும் பெண்கள் பேசினார்கள் என்பதை மறந்துவிட்டால் இந்த வரலாறு தட்டையாகிவிடும்.

இதே ஆண்டுகளில் இன்னொன்றும் நடந்தது. வக்கீல் ஈ. கிருஷ்ணய்யர் சதிருக்காக மேடை ஏறி வாதாடினார். 1933 ஜனவரி முதல் தேதி மியூசிக் அகாடமியில் கல்யாணியின் மகள்கள் ஜீவரத்தினமும் ராஜலட்சுமியும் ஆடினார்கள். பார்த்துக்கொண்டிருந்தவர்களில் ருக்மிணி தேவி ஒருவர். பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் கற்று 1935 டிசம்பரில் அவர் அடையாறில் ஆடினார். 1936இல் அவர் கலாக்ஷேத்ராவைத் தொடங்கினார். அதற்குப் பிறகு பிராமண வீட்டுப் பெண்களும் மற்ற வீட்டுப் பெண்களும் ஆட வந்தார்கள். ஆட்டத்துக்குப் பரதநாட்டியம் என்ற பெயர் நிலைத்தது. கலைக்கு மதிப்பு ஏற ஏற, அதைக் காத்து வந்த வீட்டில் பிறந்தோம் என்று சொல்வது ஆபத்தாகிவிட்டது. மகளுக்கு வரன் பார்க்க வேண்டும், மகனுக்கு ஆபீசில் வேலை வேண்டும். பாட்டி என்ன செய்தாள் என்ற கேள்விக்குப் பதில் சொல்லாமல் விடுவதே குடும்பத்தைக் காப்பாற்றும் வழியானது. அந்தப் பதில் இல்லாத இடம்தான் இன்று நாம் குடும்ப ரகசியம் என்று சொல்வது.

இனி புத்தகங்களுக்கு வரலாம்.

முதலில் படிக்கச் சொல்வது மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரின் 'தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்'. 1936இல் வந்த நாவல். 1883இல் பிறந்த அவர் சிறு வயதிலேயே தாசி வீட்டில் ஒப்படைக்கப்பட்டவர். அங்கிருந்து வெளியேறித் தமக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுத்தவரையே மணந்துகொண்டார். காங்கிரசிலும் பிறகு சுயமரியாதை இயக்கத்திலும் ஊர் ஊராகப் பேசினார். நாவலில் வீட்டுக்குள் நடப்பதை ஒளிவுமறைவில்லாமல் எழுதுகிறார்: மைனரின் பணத்தைக் கறப்பது எப்படி, ஒரு பெண்ணைப் பழக்குவது எப்படி, பெரியவர்களின் பக்தி எதற்குத் திரையாகிறது. ரகசியத்தை உடைப்பதே அவருடைய நோக்கம். கதையமைப்பு நாடகத்தனமாக இருக்கும், பிரசங்கம் இடையிடையே வரும். பொறுத்துக்கொண்டு படியுங்கள். ஒரு வீட்டின் கதவை உள்ளேயிருந்து உடைத்துக்கொண்டு வெளியே வந்தவரின் வேகம் அது. படித்த கையோடு பா. ஜீவசுந்தரி எழுதிய அவருடைய வாழ்க்கை வரலாற்றையும் படித்தால், கோபம் எந்த வாழ்க்கையிலிருந்து வந்தது என்று தெரியும்.

அடுத்தது முற்றிலும் வேறு குரல். டக்ளஸ் நைட் ஆங்கிலத்தில் எழுதிய பாலசரஸ்வதியின் வாழ்க்கை வரலாறு, 2010இல் வந்தது. நைட் பாலாவின் மருமகன், மகள் லட்சுமியின் கணவர். அதனால் இது வீட்டுக்குள்ளிருந்து அன்போடு எழுதப்பட்ட புத்தகம். பாலா 1918இல் பிறந்தார். பாட்டி வீணை தனம்மாள். ஜார்ஜ் டவுன் வீட்டில் வெள்ளிக்கிழமை மாலைகளில் அவர் வாசிப்பதைக் கேட்கப் பெரிய வித்வான்கள் வந்து உட்கார்ந்திருப்பார்கள். நாட்டியத்துக்குக் கெட்ட பெயர் ஏறிக்கொண்டிருந்த காலத்தில் அம்மா ஜெயம்மாள் மகளை ஆட்டத்தில் விட்டார். குரு கந்தப்ப பிள்ளை, நட்டுவனார்களான தஞ்சை நால்வரின் வழியில் வந்தவர். 1925இல் ஏழு வயதில் காஞ்சிபுரத்தில் ஒரு அம்மன் கோயிலில் அரங்கேற்றம். பிற்பாடு ஜெயம்மாள்தான் மகளின் ஆட்டத்துக்குப் பாடினார்.

இந்த இடத்தில் சற்று நின்று நிதானிக்க வேண்டும். நம் நாவல்களிலும் சினிமாக்களிலும் நாட்டியக்காரியின் அம்மா என்றாலே ஒரு உருவம் மனத்தில் வரும்: பணத்தாசை பிடித்தவள், மகளைப் பெரிய இடத்துக்குத் தள்ளுகிறவள். 1950களில் ஆனந்த விகடனில் கொத்தமங்கலம் சுப்பு கலைமணி என்ற பெயரில் எழுதிய 'தில்லானா மோகனாம்பாள்' நம் வீடுகளில் எல்லோரும் காத்திருந்து படித்த தொடர். பெரிய மேளமும் சின்ன மேளமும் எப்படிப் போட்டியிட்டன, எப்படிச் சார்ந்திருந்தன என்பதை அதைவிட ருசியாகச் சொன்ன கதை தமிழில் இல்லை என்பேன். மோகனாவின் அம்மா வடிவாம்பாள் அந்தப் பழக்கப்பட்ட உருவத்தில்தான் வருகிறாள். 1968இல் வந்த படம் அதை இன்னும் ஊன்றிவிட்டது. ஜெயம்மாள் போன்ற அம்மாக்கள் கதைகளில் வரவில்லை. ராகத்தைக் கற்பித்து, பதம் பாடி, வசை கேட்டு, மகளை மேடையில் நிறுத்திய அம்மாக்கள் அவர்கள். நாவலையும் வாழ்க்கை வரலாற்றையும் அருகருகே வைத்துப் படிக்கச் சொல்வது இதற்காகத்தான். வடிவாம்பாளை மட்டும் படித்தால் அம்மாக்களுக்கு அநீதி செய்துவிடுவோம்.

நைட்டின் புத்தகம் பாலாவின் வாழ்க்கைத்துணையைப் பற்றியும் மறைக்காமல் பேசுகிறது. சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சர் ஆர்.கே. சண்முகம் செட்டியார்தான் லட்சுமியின் தந்தை. அதைப் பரபரப்புச் செய்தியாக ஆக்காமல், அந்த வீட்டு வழக்கத்தில் அது எந்த இடத்தில் பொருந்தியது என்று விளக்கிவிட்டு நைட் நகர்ந்துவிடுகிறார். இப்படித்தான் எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது.

தனம்மாள் வீட்டில் இன்னொரு வகை ரகசியமும் இருந்தது. க்ஷேத்ரய்யரின் பதங்களை அந்தக் குடும்பம் பொக்கிஷமாக வைத்திருந்தது. மெதுவான காலத்தில், ராகத்தின் ஒவ்வொரு வளைவையும் காட்டும் பாட்டுகள் அவை. வாய்வழியாக மட்டுமே போகும். தனம்மாளின் பேத்திகள் பிருந்தாவும் முக்தாவும் அவற்றை யாருக்கும் சுலபமாகக் கொடுத்ததில்லை. பொறுமையும் ஞானமும் உள்ளவர்களுக்கே கிடைத்தது. ஒரே வீட்டில் இரண்டு மறைப்புகள்: பாட்டைப் பெருமையால் மறைத்தார்கள், பிறப்பை ஊர்ப்பேச்சுக்கு அஞ்சி மறைக்கவேண்டி வந்தது. முதலாவது கலையைக் காப்பாற்றியது. இரண்டாவது கலைஞரை அழித்தது. புத்தகங்களைப் படிக்கும்போது இந்த இரண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது.

மூன்றாவதாக, வி. ஸ்ரீராம் 2007இல் ஆங்கிலத்தில் எழுதிய பெங்களூர் நாகரத்தினம்மாளின் வரலாறு. திருவையாற்றில் தியாகராஜர் சமாதியில் கோயில் எழுப்பத் தம் சொத்தைச் செலவிட்டவர் அவர். பெண்கள் அங்கே பாடக் கூடாது என்றிருந்த காலத்தில் பெண்களைத் திரட்டிப் பாட வைத்தவர். ஆனால் என்னை அதிகம் உலுக்குவது அவர் பதிப்பித்த நூலின் கதை. பதினெட்டாம் நூற்றாண்டில் தஞ்சை பிரதாபசிம்மன் அரசவையில் இருந்த முத்துப்பழனி என்ற பெண் தெலுங்கில் 'ராதிகா சாந்த்வனம்' எழுதினார். 1887இல் அதை ஒருவர் அச்சிட்டபோது சில பாடல்களை விட்டுவிட்டார். முன்னுரைப் பகுதியும் அதில் இல்லை. அந்தப் பகுதியில்தான் முத்துப்பழனி தம் குலத்தைச் சொல்லியிருந்தார், பாட்டி வழியாக, பெண்கள் வழியாக. நாகரத்தினம்மாள் சுவடியைத் தேடிப் பிடித்து, முழு நூலையும் 1910இல் வெளிக்கொண்டுவந்தார். பெரிய மனிதர்கள் கொதித்தார்கள். அடுத்த ஆண்டே அரசு தடை போட்டது. தடை நீங்கப் பல பத்தாண்டுகள் ஆயின.

யோசித்துப் பாருங்கள். தன் பாட்டி யார் என்று ஒரு கவி பெருமையோடு எழுதி வைக்கிறார். நூற்றுச் சில்லறை ஆண்டுகள் கழித்து ஒரு பதிப்பாளர் கத்தரித்துவிடுகிறார். அந்தப் பெருமையைப் புரிந்துகொள்ளக்கூடிய இன்னொரு பெண், அதேபோன்ற வீட்டிலிருந்து வந்தவர், அதை ஒட்டிக் கொடுக்கிறார். நாட்டியக் குடும்பங்களின் மௌனம் அவர்களே தேர்ந்துகொண்டது என்று யாராவது சொன்னால், இந்த 1887ஆம் வருடப் பதிப்பை நினைத்துக்கொள்வேன்.

ஆய்வு நூல்களில் மூன்றைச் சொல்கிறேன். சாஸ்கியா கெர்சன்பூம் 1987இல் எழுதிய 'நித்யசுமங்கலி', திருத்தணிக் கோயிலில் ஊழியம் செய்த ரங்கநாயகி அம்மாளிடம் கேட்டறிந்த பாட்டுகளையும் சடங்குகளையும் பதிவு செய்கிறது. பி.எம். சுந்தரம் தமிழில் எழுதிய 'மரபு தந்த மாணிக்கங்கள்' ஊர் ஊராகத் தேடி நாட்டியக் கலைஞர்களான பெண்களின் பெயரையும் குருவையும் வாழ்க்கைக் குறிப்பையும் தொகுத்துத் தருகிறது. அவரே தவில் மேதை நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் மகன் என்பதால் வீட்டு வாசல்கள் அவருக்குத் திறந்தன. டேவேஷ் சோனேஜி 2012இல் ஆங்கிலத்தில் எழுதிய ஆய்வு, தமிழ்நாட்டிலிருந்து கோதாவரிக் கரை வரை போகிறது. மேடை போன பிறகும் வீட்டின் உள்ளறையில், வெளியார் இல்லாத நேரத்தில், பழைய பாட்டுகளைப் பாடி அபிநயம் பிடித்துப் பார்த்த பெண்களை அதில் சந்திக்கலாம். அந்தப் பெண்களுக்கு ஆட்டம் தங்களை மறக்காமல் இருக்கும் வழியாக இருந்தது. விராலிமலையில் ஏழு வயதில் பொட்டுக் கட்டப்பட்ட முத்துக்கண்ணம்மாளும் அந்த நூலில் வருகிறார். 2022இல் அவருக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது.

இந்தப் புத்தகங்களைக் கையில் எடுக்கும்போது மூன்று கேள்விகளை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். எழுதுகிறவர் அந்த வீட்டுக்கு யார்? ராமாமிர்தம் அம்மையார் தப்பித்து வந்தவர், நைட் மருமகன், சுந்தரம் அதே சமூகத்தின் மகன், கெர்சன்பூம் தேடி வந்த மாணவி. நிற்கும் இடம் மாறினால் கண்ணில் படுவதும் மாறும். இரண்டாவது, யார் பேசவில்லை? மருமகளாக வந்து அடுப்படியில் இருந்தவள் எந்தப் புத்தகத்திலும் வாய் திறந்து பேசியதாக நான் படித்ததில்லை. அடுத்த தெருவில் காத்திருந்த மனைவியும் அப்படித்தான். மூன்றாவது, சொல்லப்படும் ரகசியம் யாருடைய சொத்து?

மூன்றாவது கேள்வியில் எனக்கு உறுதியான கருத்து உண்டு. எம்.எஸ். பற்றி டி.ஜே.எஸ். ஜார்ஜ் எழுதிய வரலாறு 2004இல் வந்தபோது, எம்.எஸ். பிறந்த குடும்ப முறையை வெளிப்படையாகப் பேசியது. அது வேண்டியிருந்தது. ஆனால் வாசகர்களில் பலர் பிடித்துக்கொண்டது அப்பா யார் என்ற ஒன்றை மட்டும்தான். சண்முகவடிவு எப்படி வாசித்தார், அவருடைய அம்மா அக்கம்மாள் வயலின் வாசித்தாரே, அந்த ஞானம் எப்படி இறங்கியது என்று கேட்டவர்கள் குறைவு. அப்பாவைத் தேடுவது வம்பு, பாட்டியைத் தேடுவது வரலாறு. ஒரு கலைஞரின் பிறப்பைக் கிசுகிசுவாக்கும் புத்தகத்தை மூடிவிடுங்கள். அவர் எந்தப் பெண்ணிடமிருந்து எந்த வித்தையைப் பெற்றார் என்று சொல்லும் புத்தகத்தை வாங்கி வையுங்கள்.

இன்று அந்தக் குடும்பங்களின் பெண்களே பேசத் தொடங்கியிருக்கிறார்கள். சுவாமிமலை ராஜரத்தினம் பிள்ளையின் பேத்தி நிருத்யா பிள்ளை ஆடுகிறார், எழுதுகிறார், தம் முன்னோர்களை மறைக்காமல் பேசுகிறார். அவர் கேட்பது எளிமையான கேள்வி: கலையை எடுத்துக்கொண்டீர்கள், கலைஞர்களை ஏன் விட்டுவிட்டீர்கள்? சிலருக்கு அந்தப் பேச்சு காரமாகப் படுகிறது. எண்பது தொண்ணூறு ஆண்டுகள் வாய்மூடி இருந்த பிறகு வரும் பேச்சு காரமாக இருக்கத்தான் செய்யும். அதே குடும்பங்களில் பேச விரும்பாதவர்களும் இருக்கிறார்கள். அவர்களைத் தோண்டித் துருவ நமக்கு உரிமை இல்லை. சொல்ல வந்தவரைக் கேட்போம். சொல்லாதவரைத் தொந்தரவு செய்யாமல் இருப்போம்.

மகளை டான்ஸ் கிளாசுக்கு அனுப்பும் உங்களுக்கு இதில் செய்ய ஒரு வேலை இருக்கிறது. அரங்கேற்ற அழைப்பிதழ்களைப் பாருங்கள். பந்தநல்லூர் பாணி, வழுவூர் பாணி என்று நட்டுவனார்களின் ஊரைப் போடுகிறோம். அவர்கள் மகத்தானவர்கள், அது நியாயமே. ஆனால் அந்த அடவுகளைத் தங்கள் உடம்பில் சுமந்து, அபிநயத்தைக் கண்ணிலும் கையிலும் வளர்த்தெடுத்த பெண்களின் பெயர் அழைப்பிதழில் இருப்பதில்லை. மயிலாப்பூர் கௌரி அம்மாள் கபாலீசுவரர் கோயிலில் ஆடியவர். பாலசரஸ்வதிக்கும் ருக்மிணி தேவிக்கும் அபிநயம் கற்றுக்கொடுத்தவர் அவர். எத்தனை நிகழ்ச்சிக் குறிப்புகளில் அவர் பெயரைப் பார்த்திருக்கிறீர்கள்? உங்கள் மகள் ஆடப்போகும் பதம் எந்த வீட்டில் பாடப்பட்டது, எந்த அம்மாளிடமிருந்து அவளுடைய ஆசிரியரின் ஆசிரியருக்கு வந்தது என்று கேளுங்கள். பதில் கிடைத்தால், குருவின் பெயருக்குப் பக்கத்தில் அந்தப் பெயரையும் அச்சிடுங்கள்.